மடியும் மௌனமும்: பண்டரிபாயை முன்வைத்து

ராஜகீழ்ப்பாக்கத்தில், வேளச்சேரி சாலையிலிருந்து உள்ளே தள்ளியிருக்கும் எங்கள் தெருவில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பக்கத்து வீட்டுத் தொலைக்காட்சியில் 'மன்னன்' ஓடிக்கொண்டிருந்தது. நோயாளித் தாயைக் கைகளில் ஏந்திக்கொண்டு ரஜினிகாந்த் நடக்கும் பாட்டு வந்தது. வீட்டில் எல்லோரும் பேச்சை நிறுத்தினார்கள். பாட்டு முடிந்ததும் சும்மாதான் கேட்டேன்: 'இந்தம்மா பேரு என்ன?' வீட்டுக்காரர், 'ரஜினிக்கு அம்மாவா வருவாங்களே சார், அவங்கதான்' என்றார். அவர் மனைவி, 'எல்லாப் படத்துலயும் அழுவாங்க' என்றார். சுவரோரம் சாய்ந்திருந்த பாட்டி மட்டும் வேறு ஒன்று சொன்னார்: 'ஏம்ப்பா, சிவாஜிக்கு மொதப் படத்துல ஜோடி இவதானே. மதுராந்தகத்துப் பக்கம் டூரிங் கொட்டாயில பாத்தேன். அப்ப என்னமா பேசுவா.' பெயர் அவருக்கும் நினைவுக்கு வரவில்லை. ஆனால் பேசினாள் என்பது ஞாபகம் இருந்தது.

அந்த ஞாபகத்திலிருந்துதான் இந்தக் கட்டுரை தொடங்குகிறது. பண்டரிபாய் 1943-ல் கன்னடப் படத்தில் தொடங்கி அரை நூற்றாண்டு நடித்தவர். கன்னடம், தமிழ், தெலுங்கு என்று மொழி மாறி மாறி வேலை செய்தவர். 2003 ஜனவரியில் சென்னையில் இறந்தார். தமிழ் சினிமா வரலாறு என்று நாம் எழுதி வைத்திருப்பதெல்லாம் நாயகர்கள், கட்சிகள், வசனகர்த்தாக்கள் பற்றிய வரலாறு. எம்.எஸ்.எஸ். பாண்டியன் எம்.ஜி.ஆர் பிம்பம் பற்றி 1992-ல் எழுதிய நூலுக்குப் பிறகு பிம்பத்தை அரசியலாக வாசிக்கப் பழகிக்கொண்டோம். தாய் என்ற குறியீடு தமிழ் அரசியலில் எப்படி வேலை செய்கிறது என்பதை அம்பை, சி.எஸ். லட்சுமி என்ற பெயரில், 1990-ல் ஆங்கிலக் கட்டுரையாக எழுதினார். இரண்டுமே முக்கியமானவை. ஆனால் அந்தக் குறியீட்டை உடம்பில் கட்டிக்கொண்டு, காலை ஏழு மணிக்கு மேக்கப் போட்டு, நரைமுடி விக் வைத்துக்கொண்டு செட்டில் உட்கார்ந்திருந்த பெண்ணின் தொழில் வாழ்க்கை இந்த விவாதங்களுக்கு வெளியே நின்றுவிட்டது. குறியீடு பேசப்பட்டது, சுமந்தவள் பேசப்படவில்லை.

முதலில் கண்ணாம்பா. 1942-ல் ஜூபிடரின் 'கண்ணகி'யில் இளங்கோவன் வசனத்தில் அவர் நாயகி. பன்னிரண்டே வருஷத்தில், 1954-ல், அதே ஜூபிடரின் 'மனோகரா'வில் சிவாஜி கணேசனுக்குத் தாய், மு. கருணாநிதியின் வசனம். 'மனோகரா'வின் கட்டமைப்பு கவனத்திற்குரியது. மகனிடம் பலம் இருக்கிறது, கோபம் இருக்கிறது, நியாயமும் இருக்கிறது. ஆனால் தாய்க்குக் கொடுத்த வாக்கு அவனைக் கட்டிப்போட்டிருக்கிறது. அவள் பொறுமையைக் கைவிட்டுக் குரல் கொடுக்கும் நொடியில்தான் சங்கிலி அறுகிறது. நாயகனின் வன்முறைக்கு நியாயம் வழங்கும் உரிமை தாயின் வாயில் இருக்கிறது என்று இதைப் படிக்கலாம். அதிகாரம் அவளுடையதல்ல, அனுமதி அவளுடையது. ஆனால் அந்த அனுமதியைக் கொடுக்க அவள் பேசியாக வேண்டும், அதுவும் நாயகனுக்கு ஈடாக. கண்ணாம்பா பேசினார். கடப்பையில் பிறந்த தெலுங்குக்காரர் செந்தமிழ் வசனத்தை அந்த அளவுக்குப் பேசியது தனியாக எழுதப்பட வேண்டிய விஷயம். கணவர் கே.பி. நாகபூஷணத்தோடு சொந்தப் படக் கம்பெனியும் நடத்தியவர் என்பதால் கோடம்பாக்கத்தில் அவருக்கு நாற்காலி போட்டுத்தான் பேசியிருப்பார்கள் என்று நினைக்கிறேன். பிறகு 'தாய்க்குப்பின் தாரம்' (1956), 'தாய் சொல்லைத் தட்டாதே' (1961) என்று எம்.ஜி.ஆருக்குத் தாயானார். கண்ணாம்பா பிறந்தது 1911, எம்.ஜி.ஆர் 1917. மகனைவிட ஆறு வயது மூத்த தாய். 1964-ல் அவர் இறந்தபோது அந்த இடம் காலியானது.

பண்டரிபாய் அந்த இடத்துக்கு வந்த பாதை வேறு. 1952 தீபாவளிக்கு வந்த 'பராசக்தி'யில் அவர் விமலா. சிவாஜிக்கு அது முதல் படம். பண்டரிபாய்க்கோ அதற்குள் ஒன்பது வருஷ சினிமா அனுபவம். புதுப்பையனுக்கு எதிரே அனுபவசாலி நிற்கிறார். சகோதரி கல்யாணியாக வரும் ஸ்ரீரஞ்சனியின் துயரம்தான் படத்தின் மையம், விமலா ஓரத்துப் பாத்திரம்தான். ஆனாலும் அந்த ஓரத்தில், வசதியான வீட்டுப் பெண் ஒருத்தி வழிதவறி வந்த ஆணோடு சமூகத்தைப் பற்றிச் சரிசமமாக வாதாடுகிறாள். அடுத்த ஆண்டு 'திரும்பிப் பார்'. பெண்பித்தனாகத் திரியும் தம்பி சிவாஜி, அக்கா பண்டரிபாய். தம்பிக்குத் தேவை ஒரு பெண்தான் என்றால் தன்னையே எடுத்துக்கொள்ளட்டும் என்று அக்கா சொல்லும் காட்சி இன்றைக்குப் பார்த்தாலும் தூக்கிவாரிப்போடும். தாயாலும் மனைவியாலும் பேசமுடியாததை அக்கா பேசுகிறாள். 1954-ல் எஸ். பாலசந்தரின் 'அந்த நாள்'. பாட்டே இல்லாத படம். 1943-ல் சென்னையில் குண்டு விழுந்த இரவின் பின்னணி. தேசத்தை விற்கும் கணவன் சிவாஜி, மனைவி உஷாவாகப் பண்டரிபாய். படித்தவள், அரசியல் தெரிந்தவள், கடைசியில் துப்பாக்கி அவள் கையில் இருக்கிறது.

காதலி, அக்கா, மனைவி. மூன்றே வருஷத்தில் ஒரே நடிகனுக்கு எதிரே மூன்று உறவுகள். மூன்றிலும் அவனைக் கேள்வி கேட்கிற இடம் இவருக்குக் கொடுக்கப்பட்டது. அதே 1954-ல் கன்னடத்தில் 'பேடர கண்ணப்பா'. ராஜ்குமார் நாயகனாக வந்த முதல் படம், அதற்கும் நாயகி இவர்தான். இரண்டு மொழிகளின் இரண்டு பெரிய நட்சத்திரங்கள் நாயகனாக அறிமுகமான படங்களில் எதிரே நின்ற பெண் ஒருத்தியே. இதை நாயகர்களின் வரலாற்றில் ஒரு சுவாரசியமான தகவலாகச் சொல்வது வழக்கம். அவளுடைய வரலாற்றில் இது என்ன என்று கேட்பதில்லை.

பதினைந்து வருஷம் தள்ளிப் பார்ப்போம். 1965 பொங்கலுக்கு வந்த 'எங்க வீட்டுப் பிள்ளை'யில் எம்.ஜி.ஆருக்கு அக்கா, கொடுமைக்கார நம்பியாருக்கு மனைவி. இங்கேயே பேச்சு சுருங்கி, முந்தானை வாய்க்குப் போய்விட்டது. 1968-ல் 'குடியிருந்த கோயில்', எம்.ஜி.ஆருக்குத் தாய். 1969 மே மாதம் 'அடிமைப் பெண்', மறுபடி எம்.ஜி.ஆருக்குத் தாய். அதே ஆண்டு செப்டம்பரில் 'தெய்வ மகன்'. சிவாஜிக்கு மூன்று வேடம், தகப்பனும் இரண்டு பிள்ளைகளும். பண்டரிபாய் தகப்பன் சிவாஜிக்கு மனைவி, பிள்ளை சிவாஜிகளுக்குத் தாய். எம்.ஜி.ஆரைவிட இவர் பத்து வயதுக்கு மேல் இளையவர். சிவாஜிக்குக் கிட்டத்தட்ட சமவயதுக்காரர். நாயகனின் வயது ஒரு இடத்தில் நின்றுவிட்டது, இவருடைய வயது மட்டும் இரண்டு பேருக்கும் சேர்த்து ஓடியது. 'தெய்வ மகன்' இந்தக் கணக்கை அப்பட்டமாகக் காட்டிவிடுகிறது. ஒரே ஆண் உடல் தகப்பனாகவும் வாலிபனாகவும் இருக்கலாம், வாலிபனுக்கு ஒரு காதலியும் கிடைப்பாள். பெண் உடலுக்கு ஒரே ஒரு வயதுதான்.

அந்தக் காதலி யார்? 'குடியிருந்த கோயில்', 'அடிமைப் பெண்', 'தெய்வ மகன்' மூன்றிலும் நாயகி ஜெயலலிதா. மூன்றிலும் தாய் பண்டரிபாய். ஒரே செட்டுகளில் நடமாடிய இரண்டு பெண்கள். 1948-ல் பிறந்த ஜெயலலிதா 1980-ல் நடிப்பை விட்டபோது நாயகர்களுக்குத் தாயாகும் கட்டத்துக்கு இன்னும் வந்திருக்கவில்லை. அவருடைய தாய் சந்தியா குணச்சித்திர நடிகை. அந்தப் பாதை எங்கே போய் முடியும் என்று மகளுக்கு வீட்டிலேயே தெரிந்திருக்கும். பிறகு 1991-ல் முதலமைச்சர். 'அம்மா' என்ற சொல் அவருக்குப் பட்டமாகி, 2013-ல் உணவகத்தின் பெயராகி, 2016-ல் அவர் இறந்தபிறகும் கொடிகளில் இருந்தது. திரையில் அம்மாவாகவே வாழ்ந்து தீர்த்த பெண்ணுக்கு அந்தச் சொல் பெயரைத் தின்றுவிட்டது. திரைத்தாயாகாத பெண்ணுக்கு அதே சொல் அதிகாரமானது. இதை விதி, அதிர்ஷ்டம் என்று பேசுவது சோம்பேறித்தனம். தாய் என்ற படிமத்தை நாயகனுக்குக் கீழே நின்று சுமந்தால் அது அழுகை. நாயகனின் இடத்துக்கே போய் நின்று சூடிக்கொண்டால் அது ஆட்சி. படிமம் ஒன்றுதான், நிற்கும் இடம் வேறு.

எம்.ஜி.ஆர் தன் தாய் சத்யபாமாவின் பெயரை ஸ்டுடியோவுக்கு வைத்தார். 'தாய்க்குலம்' என்று மேடையில் அழைத்தார். அந்த அழைப்புக்குப் பின்னால் இருபது வருஷமாகத் திரையில் தாய்க்கு முன் மண்டியிட்ட மகனின் படம் நின்றது. அந்தப் படத்தில் பாதி பெண் நடிகையின் உழைப்பு. அந்தப் பாதியிலிருந்து ஒரு ஓட்டுகூட அவள் கணக்கில் சேரவில்லை.

உழைப்பு என்று சொன்னதால் தொழிலைப் பற்றிக் கொஞ்சம். நாயகிக்குப் படத்துக்கு இவ்வளவு என்று ஒப்பந்தம். குணச்சித்திர நடிகைக்குப் பெரும்பாலும் கால்ஷீட் கணக்கு, நாள் கூலிதான் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு படத்தில் தாயின் காட்சிகளைச் சேர்த்து எடுத்தால் சில நாட்களில் முடிந்துவிடும். ஆகவே வருஷம் ஓட வேண்டுமென்றால் நிறையப் படம் ஒப்புக்கொள்ள வேண்டும். காலையில் ஒரு ஸ்டுடியோ, மத்தியானம் இன்னொன்று. கோடம்பாக்கத்துக்கும் வடபழனிக்கும் இடையில் ஒரே நாளில் ஒருத்தி இரண்டு பேருக்குத் தாயாவாள். காலையில் செத்து, மாலையில் பிள்ளைக்குக் கல்யாணம் பேசுவாள். வசனம் குறைவு, அழுகை அதிகம் என்றால் தயாரிப்பாளருக்கு ரீடேக் மிச்சம். எனவே தாயின் மௌனத்துக்குக் கருத்தியல் காரணம் மட்டுமல்ல, பட்ஜெட் காரணமும் உண்டு. நம்மில் சிலர் முதலாவதை மட்டும் எழுதிவிட்டுப் பேனாவை மூடிவிடுகிறோம்.

இதன் மறுபக்கத்தையும் மறைக்கக் கூடாது. நாயகிகள் பத்து வருஷத்தில் காணாமல் போனார்கள். பண்டரிபாய் ஐம்பது வருஷம் வேலையில் இருந்தார். வயதுக்கு முன்னே நரைக்கவைத்த அதே வேடம்தான் சோறு போட்டது. 'நடிகை' என்ற சொல்லுக்கு ஊர் வேறு அர்த்தம் வைத்திருந்த காலத்தில், எந்த வீட்டு வாசலிலும் உட்காரச் சொல்லி மோர் கொடுக்கும் மரியாதையையும் அந்த வேடம்தான் வாங்கித்தந்திருக்கும். வேடத்தைக் கூண்டு என்று நாம் எழுதலாம். உள்ளே இருந்தவருக்கு அது கூரையாகவும் இருந்தது.

இது பண்டரிபாயோடு முடிந்த கதையா? ஸ்ரீவித்யாவைப் பாருங்கள். 1953-ல் பிறந்தவர், எம்.எல். வசந்தகுமாரியின் மகள். 1975-ல் பாலசந்தரின் 'அபூர்வ ராகங்கள்'. இருபத்திரண்டு வயதில் வயதுவந்த பெண்ணுக்குத் தாயாக, கமல்ஹாசன் காதலிக்கும் மூத்த பெண்ணாக வருகிறார். அவரை விட்டுப் பிரிந்த கணவனாகக் கதவைத் திறந்துகொண்டு வருகிறவர் புதுமுகம் ரஜினிகாந்த். 1989-ல் 'அபூர்வ சகோதரர்கள்', தகப்பன் கமலுக்கு மனைவி, பிள்ளைக் கமல்களுக்குத் தாய். 'தெய்வ மகன்' கணக்கு இருபது வருஷத்தில் பிசகாமல் திரும்பி வருகிறது. 1991 தீபாவளிக்கு 'தளபதி', ரஜினிக்குத் தாய். ரஜினி 1950-ல் பிறந்தவர். பதினாறு வருஷத்தில் மனைவி தாயாகிவிட்டாள், மகனைவிட மூன்று வயது இளைய தாய். 'தளபதி'யில் அவள் அறியாப் பருவத்தில் பெற்ற பிள்ளை என்று கதையில் ஒரு சமாதானம் உண்டு, அதை ஒப்புக்கொள்கிறேன். அந்தப் பார்வையும் தயக்கமும் வேறு யாருக்கும் வந்திருக்காது என்பதையும் சேர்த்தே ஒப்புக்கொள்கிறேன். 1997-ல் 'அருணாச்சலம்' வந்தபோது ரஜினியைவிட இளையவரான வடிவுக்கரசி கூன் விழுந்த பாட்டியானார். சமாதானம் சொல்லும் தேவைகூட அப்போது இல்லாமல் போயிருந்தது.

விரிசல்களே விழவில்லையா என்றால், விழுந்தன. 1977-ல் 'பதினாறு வயதினிலே' படத்தின் குருவம்மா. பாரதிராஜா காமிராவை ஸ்டுடியோவிலிருந்து தெருவுக்குக் கொண்டுபோனதைப் பற்றிப் பேசுகிறோமே, அந்தத் தெருவில் வெள்ளைச் சேலைத் தாய் நிற்க முடியவில்லை என்பதைச் சேர்த்துப் பேச வேண்டும். மானாமதுரையில் பிறந்த காந்திமதி வாயைத் திறந்தபோது தாயின் வாயிலிருந்து வசவு வந்தது, ஏசலும் ஒப்பாரியும் வந்தன. தாய் மீண்டும் பேச ஆரம்பித்தாள், ஆனால் கண்ணாம்பாவின் செந்தமிழில் அல்ல. கதை அவளைச் சாகடித்துத்தான் மேலே நகர்ந்தது என்பது வேறு விஷயம்.

இன்னொருவர் எஸ்.என். லட்சுமி. விருதுநகர்ப் பக்கத்துக்காரர், நாடகக் கம்பெனி வழியாக வந்தவர். 1964-ல் 'சர்வர் சுந்தரம்' படத்தில் நாகேஷுக்குத் தாய். மகன் நட்சத்திரமாகிறபோது தாய் சாகிறாள். நாயகனின் வெற்றிக்குத் தாயின் பிணத்தை விலையாக வைப்பது நம் திரைக்கதையின் பழைய பழக்கம். அந்தப் படத்தை இயக்கியவர்கள் 'பராசக்தி'யை இயக்கிய கிருஷ்ணன்–பஞ்சுதான். இருபத்தாறு வருஷம் கழித்து 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் அதே லட்சுமி கைக்கு அகப்பட்டதையெல்லாம் மடியில் கட்டிக்கொள்ளும் திருட்டுப் பாட்டி. தியாகத்தின் இடமாகவே இருந்த மடியில் திருட்டுப்பொருள் கிடந்தது. தியேட்டரில் விழுந்து விழுந்து சிரித்தோம். அந்தச் சிரிப்பு அத்தனை வருஷம் அழவைத்த முகத்தின் மேல் விழுந்த சிரிப்பு என்று அப்போது தோன்றவில்லை. கடைசிக் காலத்தில் தொலைக்காட்சித் தொடர்களிலும் அவர் நடித்தார். 2012 பிப்ரவரியில் இறந்தார். தொடர்களில் தாய்க்கும் மாமியாருக்கும் வசனம் திரும்பக் கிடைத்தது என்று சிலர் சொல்கிறார்கள். கிடைத்தது வாஸ்தவம். ஒரு நாளைக்கு ஒரு எபிசோடை நிரப்பக் கிடைத்த வசனம் அது.

'மன்ன'னுக்குத் திரும்புவோம். அது 1986-ல் வந்த 'அனுராக அரளித்து' என்ற கன்னடப் படத்தின் மறு ஆக்கம். மூலத்தில் ராஜ்குமாருக்குத் தாய் யார் என்றால், 'பேடர கண்ணப்பா'வில் அவருக்கு நாயகியாக இருந்த அதே பண்டரிபாய். தமிழுக்கு வரும்போது நாயகன் மாறினான், நாயகி மாறினாள், தாய் மட்டும் அப்படியே வந்தாள். கதையில் தொழிற்சாலை முதலாளியாக வரும் விஜயசாந்தி அடக்கப்பட வேண்டிய பெண். வாய் பேசுகிறவள், கணக்குக் கேட்கிறவள், கட்டளையிடுகிறவள். அவளுக்கு எதிர்த் தட்டில் வைக்கப்பட்டவள் நடக்கக்கூட முடியாத தாய். மகன் தூக்கினால்தான் கோயில். நல்ல பெண் எப்படி இருக்க வேண்டும் என்ற பாடத்தைப் படம் இந்த இரண்டு உடல்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து நடத்துகிறது. 1952-ல் வாதாடியவள், 1954-ல் துப்பாக்கி பிடித்தவள், 1992-ல் தூக்கிச் செல்லப்படுகிறவள். நாயகன் தூக்கியது ஒரு கிழவியை மட்டுமல்ல, நாற்பது வருஷப் பேச்சையும் சேர்த்துத்தான். பேச்சை மட்டும் வழியில் எங்கேயோ இறக்கி வைத்துவிட்டார்கள். படம் வந்த இரண்டு வருஷத்தில், 1994-ல், ஒரு விபத்தில் பண்டரிபாய் ஒரு கையை இழந்தார்.

எழுதப்படாமல் கிடப்பது ஏராளம். கன்னடத்தில் அவரை முன்னோடி நாயகியாகக் கொண்டாடுகிறார்கள், சொந்தமாகப் படமெடுத்தவர் என்றும் பேசுகிறார்கள். தமிழில் ஒரு நல்ல பேட்டித் தொகுப்பாவது வேண்டாமா? தயாரிப்பு நிர்வாகிகள் வைத்திருந்த கணக்கு நோட்டுகளில் தாய் வேடத்துக்கு எத்தனை கால்ஷீட், என்ன சம்பளம், பேட்டா எவ்வளவு, எந்தத் தேதிக்கு எந்த ஸ்டுடியோ என்பதெல்லாம் இருந்திருக்கும். வடபழனியில் விஜயா–வாகினி இருந்த இடத்தில் 2013-லிருந்து வணிக வளாகம் நிற்கிறது. அந்த நோட்டுகள் எடைக்குப் போயினவா, யார் வீட்டுப் பரணிலாவது கிடக்கின்றனவா என்று தேடிப்போக இன்னும் நேரம் இருக்கிறது. பழைய புரொடக்ஷன் ஆட்களில் சிலர் புறநகருக்குக் குடிபெயர்ந்து சேலையூர், செம்பாக்கம் பக்கமெல்லாம் இருக்கிறார்கள். நண்பர்கள் யாராவது சேர்ந்துகொண்டால் ஒரு டேப்ரெக்கார்டரோ கைபேசியோ போதும்.

அன்று சாயங்காலம் பக்கத்து வீட்டுப் பாட்டி கேட்டுக்கு வெளியே நின்று கூப்பிட்டார். 'தம்பி, பேரு வந்துடுச்சு. பண்டரிபாய். அந்தத் துப்பாக்கிப் படம் இருக்கே, பாட்டே கெடையாது, அது டிவியில போட்டா சொல்லுப்பா.' சொல்கிறேன் பாட்டி என்றேன்.